ஆயிரம் நாக்கு விலங்கும் ஓர் ஆங்கிலச் சொல்லும்

நம் செய்தித்தாள்களில் மிகுதியாய் வழங்கும் ஆங்கில அடைமொழிகளுள் ‘பிளேட்டண்ட்’ என்பதும் ஒன்று. அமைச்சர் கூறியது ‘பிளேட்டண்ட்’ பொய் என்று எதிர்க்கட்சியார் சாற்றுவர். தொழிற்சட்டத்தை நிருவாகம் ‘பிளேட்டண்ட்’ ஆக மீறியது என்று தொழிற்சங்கத்தார் அறிக்கை விடுப்பர். அவ்வறிக்கையைத் தமிழாக்குவோர் கைக்கு முதலில் அகப்படும் சொல் ‘வெளிப்படையான’ என்பது. ‘வெளிப்படையான பொய்’, ‘வெளிப்படையான சட்டமீறல்’ என்று அச்சாகிவிடுகிறது. அதே பக்கத்தின் மற்றொரு பத்தியிலோ, சங்கக் கணக்குகள் வெளிப்படையாக இருத்தல் வேண்டும் என்று தலையங்கம் வற்புறுத்துகிறது. வெளிப்படை வேண்டுமா, வேண்டாவா? வெளிப்படையாய் நடப்பவன் நல்லவனா, கயவனா? படிப்பவர் யாது செய்வர்?

இஃது அகராதி புரட்டுவோர் தமக்குள் தீர்த்துக்கொள்ள வேண்டிய சிறு பிணக்கு என்று சிலர் எண்ணலாம். நாம் அவ்வாறு எண்ணவில்லை. அந்த ஆங்கிலச் சொல் பிறந்த இடத்தைத் தேடிச் சென்றால், அது தோட்டத்து மக்களாகிய நமது வரலாற்றுக்கு மிக அருகிலே கொண்டுவந்து விடுகிறது. முறையிடுவோரின் குரலுக்கு ஆள்வோர் என்ன பெயர் இட்டனர் என்பதும், அப்பெயர் பிற்காலத்தில் எவர்மேற் போய் ஒட்டிக்கொண்டது என்பதும் அதனுள் அடங்கிக் கிடக்கின்றன.

முதலில் நம் சொல்லைப் பார்ப்போம். வெளிப்படை என்பது தமிழிற் பழமையான வழக்கு. தொல்காப்பியர் உரியியலில், பொருள் வெளிப்பட விளங்கும் சொல்லுக்கு விளக்கம் வேண்டுவதில்லை, விளங்காதவற்றையே எடுத்துரைப்போம் என்று முறை வகுத்தார். நன்னூலாரும் சொற்பொருளை வெளிப்படை, குறிப்பு என இரு கூறாக்கினார். அவ்விடங்களிலெல்லாம் வெளிப்படை குற்றமும் அன்று, குணமும் அன்று. மறைவின்மை, அவ்வளவே.

ஆங்கிலத்திலும் புகழ்ச்சியும் பழிப்புமின்றித் தெளிவை மட்டும் உணர்த்தும் சொற்கள் பல உள. பெரும்பாலன இலத்தீன் வழிவந்தவை. ‘ஆப்வியஸ்’ என்பது வழியிலே எதிர்ப்படுவது. இலத்தீனில் ‘வியா’ என்றால் வழி. ‘எவிடெண்ட்’ காண்டலைப் பற்றியது. ‘பேட்டண்ட்’ திறந்து கிடப்பது. ‘மேனிஃபெஸ்ட்’ என்பது கையொடு தொடர்புடையது. திருடும்போதே அகப்பட்டவனை உரோமர் அச்சொல்லாற் குறித்தனர். நம்மவர் ‘கையும் களவுமாக’ என்று சொல்வதை நினைவு கூர்க. இரு நாட்டாரும் ஒருவரையொருவர் அறியாமலே ஒரே கையைப் பற்றியிருக்கின்றனர்!

நம்மிடமும் இவ்வகைச் சொற்களுக்குக் குறைவில்லை. கண்கூடு என்கிறோம். உள்ளங்கை நெல்லிக்கனி என்கிறோம். இவற்றுள் நமக்கு மிகவும் உவப்பானது வெள்ளிடைமலை என்பது. வெட்டவெளியில் நிற்கும் மலையை யார் யாருக்குச் சுட்டிக்காட்ட வேண்டும்? கோலசிலாங்கூரில் மெலாவாத்திக் குன்றைக் கண்டவர்க்கு இவ்வுவமையின் அருமை எளிதில் விளங்கும். குன்று பெரிதன்று. சுற்றிலும் கடலோரத் தரை தட்டையாய்க் கிடத்தலால்தான் அது கண்ணில் நிற்கிறது. டச்சுக்காரரும் சிலாங்கூர்ச் சுல்தானும் 18ஆம் நூற்றாண்டில் அதற்காகப் பொருததும், 1907இல் ஆங்கில ஆட்சியார் அதன்மேற் கலங்கரை விளக்கம் எழுப்பியதும் அதன் உயரத்தால் அன்று, அதன் தனிமையால்.

மலாய் மொழியிலும் இக்கருத்துக்கு வழங்கும் ‘தெராங்-தெராங்கான்’ என்பது ‘தெராங்’, அதாவது வெளிச்சம் என்னும் சொல்லடியாய்ப் பிறந்ததே. ஆக, ஒளி, கண், கை, மலை, வழி: இவையே தெளிவுக்கு உலகத்தார் தேடிய உருவங்கள். இவற்றிடையே ‘பிளேட்டண்ட்’ ஒன்றுதான் அயலாய் நிற்கிறது. அது கண்ணிற் பிறந்ததன்று, காதிற் பிறந்தது. அதன் முதற்பொருள் தெளிவே அன்று, இரைச்சல்.

பெரும்பாலான சொற்களுக்குத் தந்தை பெயர் தெரியாது. இதற்குத் தெரியும். எட்மண்டு ஸ்பென்சர் என்னும் ஆங்கிலப் புலவர் தம் ‘ஃபேரி குவீன்’ என்னும் பெருங்காப்பியத்தின் முதல் மூன்று காண்டங்களை 1590இலும், அடுத்த மூன்றை 1596இலும் வெளியிட்டார். பின்னைய பகுதியில் ஒரு கொடிய விலங்கைப் படைத்து, அதற்கு ‘பிளேட்டண்ட்’ விலங்கு என்று பெயரிட்டார். அதற்குமுன் ஆங்கிலத்தில் அச்சொல் வழங்கியதாக அறிஞர் காட்டவில்லை. பிதற்றுதலைக் குறிக்கும் ‘பிளாத்தீரே’ என்னும் இலத்தீன் வினையிலிருந்து அவர் அதை ஆக்கியிருக்கலாம் என்பர் சிலர். ஆட்டின் கத்தலைக் குறிக்கும் வட்டார வழக்கே அதன் வேர் என்பர் வேறு சிலர். 1755இல் பேரகராதி இயற்றிய சாமுவேல் ஜான்சன், கன்றைப்போற் கதறுகின்ற என்று ஒரே வரியில் பொருள் எழுதி முடித்துவிட்டார். எவ்வாறாயினும் அது வாயைப் பற்றிய சொல்.

அவ்விலங்குக்கு வாயும் பெரிது. ஐந்தாங் காண்டத்தில் தோன்றுகையில் அதற்கு நூறு நாக்குகள். ஆறாங் காண்டத்தின் முடிவிலோ ஆயிரம் ஆகிவிடுகின்றன. நாயின் நாக்கு, கரடியின் நாக்கு, புலியின் நாக்கு, நஞ்சு கக்கும் பாம்பின் நாக்கு. அவற்றுள்ளும் மிகுதியானவை மனிதரின் நாக்குகள் என்று புலவர் வகைப்படுத்திக் காட்டுகிறார். இரும்புப் பற்கள் வேறு. அது கடித்த புண் எளிதில் ஆறாது. அவதூறே விலங்கின் வடிவெடுத்து வந்தது என்பது கருத்து. நயத்தக்க நாகரிகத்தின் உருவாகிய காலிடோர் என்னும் வீரன் அதைத் துரத்திச் சென்று, வாய்ப்பூட்டு இட்டுச் சங்கிலியாற் பிணித்து ஊரூராய் இழுத்து வருகிறான். பின்னர் அது சங்கிலியை அறுத்துக்கொண்டு ஓடிவிடுகிறது.

இம்மட்டில் நின்றால் கதை நன்றே. பழி தூற்றுதல் தீது என்பதை யார் மறுப்பர்? ஆனால் அவ்விலங்கு முதன்முதல் யாரைக் கண்டு குரைத்தது என்று கேட்டல் வேண்டும். இங்கேதான் காப்பியத்தைப் பள்ளிப் பாடமாக மட்டும் படித்தோர் கவனியாது விட்ட செய்தி கிடக்கிறது.

ஐந்தாங் காண்டம் நீதியைப் பற்றியது. அதன் தலைவன் ஆர்த்திகல். இரீனா என்னும் நங்கையைக் கொடியவன் ஒருவனிடமிருந்து மீட்க அவன் செல்கிறான். இரீனா என்பது அயர்லாந்து நாடே என்பதில் உரையாசிரியர்க்குள் ஐயமில்லை. மீட்டபின் அந்நாட்டைச் சீர்திருத்த முனைகையில், வேலை முடியுமுன்னே அரசி அவனைத் திரும்ப அழைத்துக்கொள்கிறாள். வரும் வழியில் பொறாமை, புறங்கூறல் என்னும் இரு கிழவிகள் அவனை வழிமறித்து, குற்றமற்றோர் குருதியால் உன் வாளைக் கறைப்படுத்தினாய் என்று ஏசுகின்றனர். அவர்களோடு சேர்ந்து குரைப்பதுதான் நம் விலங்கு. நீதிமான் எதையும் பொருட்படுத்தாது தன் வழியே செல்கிறான்.

இனி, காப்பியத்துக்கு வெளியே நடந்தது. 1580இல் அயர்லாந்துக்கு ஆளுநராக அனுப்பப்பட்டவர் ஆர்தர் கிரே பிரபு. அவருக்குச் செயலராக உடன் சென்றவர் ஸ்பென்சர். அவ்வாண்டு நவம்பரில் ஸ்மெர்விக் என்னுமிடத்துக் கோட்டையில் ஐரிஷ் கிளர்ச்சிக்குத் துணையாய் வந்திருந்த இத்தாலியரும் ஸ்பானியருமான வீரர் ஏறத்தாழ 600 பேர் சரணடைந்தனர். சரணடைந்தோரைக் கிரேயின் படை வெட்டி வீழ்த்தியது. மன்ஸ்டர் மாநிலத்தில் போரினால் விளைந்த பஞ்சத்தில் மக்கள் எண்ணற்றோர் மாண்டனர். 1582இல் கிரே திரும்ப அழைக்கப்பட்டார். குருதி வெறியர் என்று அவர்மேற் பழி எழுந்தது. ஸ்பென்சர் தாம் பின்னர் எழுதிய அயர்லாந்து நிலை பற்றிய உரைநடை நூலில் அப்பழியை மறுத்துத் தம் தலைவருக்காக வாதாடினார். பஞ்சத்தால் எலும்புந் தோலுமாய்க் காட்டிலிருந்து ஊர்ந்து வந்த மக்களை அந்நூலிலேயே அவர் உருக்கமாய் வருணித்தும் இருக்கிறார்; வருணித்தபின், கிளர்ச்சியை அடக்க அதுவே வழி என்றும் காட்டுகிறார். அந்நூல் அவர் மறைந்து பல்லாண்டு கழித்து 1633இல்தான் அச்சேறியது.

ஆகவே ஆயிரம் நாக்கு விலங்கின் முதற் குரைப்பு யாதெனின், அயர்லாந்தில் செய்த கொலைகளுக்குக் கணக்குக் கேட்ட குரல். அக்குரலில் அரண்மனைப் பகையும் பொறாமையும் கலந்திருக்கலாம். ஆயினும் கேட்ட கேள்வி பொய்யன்றே! கோட்டையில் வெட்டுண்டவர் வெட்டுண்டவரே. அதற்கு விடை கூறாது, கேட்டவனை விலங்காக்கினார் புலவர்.

அவர் இவ்வாறு செய்ததற்குக் காரணம் தேட வெகுதூரம் போக வேண்டுவதில்லை. அவரது பிழைப்பே காரணம். ஆளுநரின் செயலராய்த் தொடங்கியவர், டப்ளினிலும் மன்ஸ்டரிலும் அரசாங்க எழுத்தர் பதவிகள் வகித்தார். நம் வழக்கிற் கூறினால், கிராணி. பின்பு மன்ஸ்டரில் கிளர்ச்சியாளரிடமிருந்து பறிக்கப்பட்ட நிலங்களை ஆங்கிலேயருக்குப் பங்கிட்டபோது, கில்கோல்மன் என்னுமிடத்தில் ஏறத்தாழ 3,000 ஏக்கர் அவருக்குக் கிடைத்தது. அந்தக் குடியேற்றத் திட்டத்துக்கு ஆங்கிலேயர் இட்ட பெயர் என்ன தெரியுமா? ‘பிளாண்டேஷன்’. ஆம், பின்னாளில் நம் முன்னோரைக் கப்பலேற்றிக் கொண்டுவந்து நிறுத்திய அதே சொல். அங்கே நடப்பட்டது பால்மரமும் அன்று, செம்பனையும் அன்று. நிலத்துக்குரியோரை அகற்றிவிட்டு வேற்று மக்களை நட்டனர். ஆக, கிராணியாய்ப் போய்த் துரையாய் அமர்ந்தவர் நம் புலவர். காப்பியத்தின் பெரும்பகுதியை எழுதியதும் அந்தத் தோட்டத்து மாளிகையில்தான். 1598இல் கிளர்ந்தெழுந்த மக்கள் அம்மாளிகையைத் தீக்கிரையாக்கினர். 1599 சனவரியில் அவர் இலண்டனில் காலமானார்.

நாமும் எழுதுகோல் பிடித்துச் சம்பளம் வாங்கும் கிராணிகளே. ஆதலால் ஸ்பென்சரின் நிலை நமக்கு நன்கு விளங்குகிறது. துரை செய்தது சரியென்று எழுதவேண்டிய இடத்தில் அமர்த்தப்பட்டவன், முறையிடுவோன் சொன்னதை எழுதுவதைவிட அவன் எவ்வளவு உரக்கச் சொன்னான் என்பதை எழுதுவது எளிது. தண்டல் வந்து, ‘இன்னான் சத்தம் போடுகிறான்’ என்பார். எதற்குச் சத்தம் என்பது மூன்றாவது கேள்விக்குப் பிறகுதான் வெளிவரும். பல சமயம் மூன்றாவது கேள்வி கேட்கப்படுவதே இல்லை.

இவ்வாறு கூறுவதால் ஸ்பென்சரின் கவிதை வன்மையை நாம் குறைத்து மதிப்பதாகக் கொள்ளற்க. ஓசையின் இனிமையில் ஆங்கிலப் புலவருள் அவருக்கு நிகரானோர் மிகச் சிலர். ஒன்பதடிச் செய்யுள் வகையொன்று இன்றும் அவர் பெயராலேயே வழங்குகிறது. ஆனால் இனிய ஓசையில் எது சொல்லப்படுகிறது என்பதைத் தமிழன் கேளாதிருத்தல் ஆகாது. நம் புராணங்களைக் கேள்விக்குட்படுத்திய இயக்கத்தின் வழிவந்தோர், பிறர் காப்பியத்தைக் கண்ணை மூடிக்கொண்டு போற்றுவது முறையாகுமா? ஐந்தாங் காண்டத்திலேயே மற்றொரு நிகழ்ச்சி உண்டு. ஓர் அரக்கன் கையிற் பெருந்துலாக்கோலுடன் கடற்கரையில் நின்று, உலகப் பொருள்களையெல்லாம் நிறுத்துச் சமமாகப் பங்கிடுவேன், மேடுகளைப் பள்ளங்களோடு ஒப்பாக்குவேன், கொடுங்கோலரை அடக்குவேன் என்கிறான். ஏழை மக்கள் திரண்டு அவனைச் சூழ்கின்றனர். ஆர்த்திகல் அவனோடு வாதிடுகிறான். வாதம் முடிந்ததும், ஆர்த்திகலின் ஏவலாளாகிய தாலஸ் என்னும் இரும்பு மனிதன் அரக்கனைப் பாறையிலிருந்து கடலில் தள்ளிவிடுகிறான். வெகுண்டெழுந்த மக்களைத் தன் இரும்புத் தடியால் சிதறடிக்கிறான். நீதியின் காண்டத்தில் நீதி இவ்வாறு நடைபெறுகிறது! சமத்துவம் பேசினவன் அரக்கன். கணக்குக் கேட்டவன் விலங்கு. இரும்புத் தடியோ நீதியின் கை. இதைப் படித்துவிட்டும் இது நற்பண்பை மட்டும் போதிக்கும் நூல் என்று எழுதுவோரை என்னென்பது!

இவ்விடத்தில் நம் பழந்தமிழ்ச் செய்யுளை எண்ணிப் பார்த்தல் பொருந்தும். ஊர்வாய்ப் பேச்சை நம்மவரும் அறிந்திருந்தனர். அதற்கு அம்பல் என்றும் அலர் என்றும் இரு பெயர்கள் வைத்தனர். உதட்டுக்குள் முணுமுணுப்பாய் இருப்பது அம்பல்; பலரும் அறிய விரிந்தது அலர். அரும்புக்கும் மலருக்கும் உள்ள வேறுபாடு. தலைவனும் தலைவியும் மறைவிற் பழகுவதை ஊர்ப்பெண்டிர் தூற்றுவர். தலைவி அஞ்சுவாள், நாணுவாள், உடல் மெலிவாள். அத்துன்பத்தைப் புலவர்கள் மறைக்கவில்லை. ஆயினும் அக்குரல்களுக்கு அவர்கள் வாய்ப்பூட்டு இட எண்ணினாரல்லர். அம்பலும் அலரும் களவை வெளிப்படுத்துவன என்று தொல்காப்பியர் களவியலில் கூறுகிறார். வெளிப்பட்டால் திருமணம் நிகழ வேண்டும். தலைவன் இனி ஒளிதல் இயலாது. வள்ளுவரும் அலரறிவுறுத்தல் என்று ஓர் அதிகாரமே வகுத்து, ஊரார் தூற்றலைக் காதற் பயிருக்கு எருவாக்கினார்.

கூச்சலுக்கும் வெளிப்படைக்கும் உள்ள உறவை நம் இலக்கணம் இவ்வளவு தெளிவாய்க் கண்டிருக்கிறது. ஊர் பேசினால்தான் உள்ளது வெளியே வரும். ஸ்பென்சர் அதே உறவைக் கண்டு அஞ்சினார். அகப்பாட்டுத் தலைவன் களவை மணமாக்கித் தன் கடனை முடிக்கலாம். சரணடைந்தோரை வெட்டியவன் எதைக் கொண்டு முடிப்பான்? அவனுக்கு ஊர்ப்பேச்சு விலங்காய்த் தோன்றுதல் இயல்பே.

இனி அச்சொல்லின் பிற்கால வாழ்வைக் காண்போம். 17ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலிருந்து அது காப்பியத்தை விட்டு வெளியேறிப் பொதுவழக்கில் உலவத் தொடங்கியது. அப்போது அதன் பொருள், பிறர் வெறுக்கும்படி இரைச்சலிடுகிற என்பதே. மேடையில் முழங்குவோனும் தெருவில் கத்துவோனும் அவ்வடையைப் பெற்றனர். 19ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான், கண்ணை உறுத்துமாறு வெளிப்பட்ட என்னும் இன்றைய பொருள் அதன்மேல் ஏறியது. காதைக் குத்திய சொல் கண்ணைக் குத்தலாயிற்று. தமிழிலும் இவ்வகை இடமாற்றம் உண்டு. ஆடையின் நிறம் ‘கத்துகிறது’ என்று நம் பெண்கள் சொல்வதில்லையா?

எரிதல் எனப் பொருள்படும் இலத்தீன் வேரிலிருந்து வந்த ‘ஃபிளேக்ரண்ட்’ என்னும் சொல்லோடு நெருங்கி வழங்கியமையும் இதற்குத் துணை செய்திருக்கலாம். பற்றி எரிந்துகொண்டிருக்கும் குற்றம் என்று அதற்குப் பொருள். ஒலியால் ஒத்த இவ்விரு சொற்களையும் ஆங்கிலேயரே இன்று வேறுபாடின்றி வழங்கிவிடுகின்றனர். அவர்களின் இலக்கண ஆசான்மார் இதுபற்றிச் சலிப்படைந்து எழுதுவதையும் காண்கிறோம். அது அவர்கள் வீட்டுப் பூசல். நாம் தலையிட வேண்டா.

நாம் கருத்திற் கொள்ளத்தக்கது வேறொன்று. முன்பு இரைச்சலிட்டவன்மேல் ஒட்டியிருந்த அடைமொழி, இன்று குற்றத்தின்மேல் ஒட்டிக்கொண்டிருக்கிறது. கணக்குக் கேட்டவனைச் சுட்டிய சொல் கணக்கு மறைத்தவனைச் சுட்டுகிறது. ஸ்பென்சர் எழுந்து வந்து இன்றைய ஆங்கிலத்தில் ஸ்மெர்விக் படுகொலையைப் பற்றிய செய்தியைப் படித்தால், தாம் படைத்த சொல்லே தம் தலைவரின் செயலுக்கு அடையாய் நிற்கக் காண்பார். இதை எவரும் திட்டமிட்டுச் செய்யவில்லை. பேசுவோரின் நாக்குகள் ஆயிரமாயிரம் சேர்ந்து செய்தன.

இம்மாற்றம் நூலில் மட்டுமா நிகழ்கிறது? 1941ஆம் ஆண்டில் நம் சிலாங்கூரிலேயே நிகழ்ந்ததைக் கூறுவோம். கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் தொடங்கிய வேலைநிறுத்தம் பிற பகுதிகளுக்கும் பரவியது. கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தின் சார்பில் ஆர். எச். நாதன் முன்னின்றார். சீனத் தொழிலாளருக்குச் சமமான கூலி வேண்டும் என்றனர். கள்ளுக்கடைகளை மூட வேண்டும், பிள்ளைகளுக்குத் தக்க கல்வி வேண்டும், மருத்துவ வசதி வேண்டும், தொழிலாளர் வீட்டுப் பெண்களிடம் முறைகேடாய் நடத்தல் ஒழிய வேண்டும் என்றனர். அக்கோரிக்கைகளுள் ஒன்றைப் படிக்கையில் இன்றைய இளைஞர் நம்ப மறுப்பர். துரையின் எதிரே மிதிவண்டியை விட்டு இறங்காமல் ஓட்டிச் செல்லும் உரிமை வேண்டும் என்பது அது!

எண்ணிப் பாருங்கள். சொந்தக் காசில் வாங்கிய மிதிவண்டி. துரையைக் கண்டால் இறங்கி நிற்க வேண்டும். இதைவிட வெளிப்பட்ட இழிவு வேறு உண்டோ? நாள்தோறும் பட்டப்பகலில், பிரட்டுக்குப் போவோர் அத்தனை பேர் கண்ணெதிரே நடந்தது. எனினும் ஆட்சியார்க்கு அது தெரியவில்லை. அல்லது, வழக்கம் என்று தெரிந்தது. கண்டவர் பலர் இருந்தும் கத்தியவர் இல்லாத வரையில் அது வெள்ளிடைமலை ஆகவில்லை. கத்தியபோதோ, கிளர்ச்சிக்காரரின் தூண்டுதல் என்று அரசினர் கூறினர். 1941 மே மாதத்தில் நாதன் கைது செய்யப்பட்டார். சிலாங்கூரில் நெருக்கடிநிலை அறிவிக்கப்பட்டுப் படையினர் வரவழைக்கப்பட்டனர். தொழிலாளர் ஐவர் உயிரிழந்தனர். நாதன் இந்தியாவுக்கு நாடுகடத்தப்பட்டார். காலிடோரின் வாய்ப்பூட்டும் சங்கிலியும் 345 ஆண்டுகள் கழித்துக் கிள்ளானில் வந்து இறங்கின எனலாம்.

இன்று அவ்வரலாற்றை எழுதுவோர் எவரும் அக்கோரிக்கைகளை இரைச்சல் என்று எழுதுவதில்லை. மிதிவண்டிக் கட்டளையையே வெட்கக்கேடு என்று எழுதுகின்றனர். அடைமொழி இடம் மாறிவிட்டது. ஆனால் அது தானாய் மாறவில்லை என்பதையும், மாறுவதற்குள் ஐந்து குடும்பங்கள் அழுதன என்பதையும் மொழிபெயர்ப்போர் சற்று எண்ணினால், ‘வெளிப்படையான’ என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குத் தாண்டமாட்டார்கள்.

‘வெளிப்படையான’ என்பதில் உள்ள குறை இதுதான்: அதில் உப்பு இல்லை. நம் ஊர்ப்பெயரிலுள்ள ‘தாவார்’ என்பதற்கு மலாய்மொழியில் உப்பற்றது என்று பொருள். ஆற்றுநீருக்கு அது புகழ். கடலோரத்தில் வாழ்வோர்க்கு உப்பற்ற நீர்தான் அமுது. கறிக்கு அதுவே குறை. கூட்டுறவுக் கணக்குக்கு ‘வெளிப்படை’ நன்னீர்போற் பொருந்தும். குற்றத்துக்கு இட்டால் சப்பென்றாகிவிடும். ‘பிளேட்டண்ட்’ என்பதில், குற்றம் தெரிகிறது என்பதோடு, தெரிவதைக் குறித்துச் செய்தவன் கூசவில்லை என்பதும் சேர்ந்திருக்கிறது. அந்தக் கூசாமையே அச்சொல்லின் காரம்.

அதைத் தமிழில் உரைக்க இயலாதா? நம் பாட்டிமார் நாள்தோறும் உரைத்தனரே! பச்சைப்பொய் என்பர். பச்சை என்றால் சமைக்காதது; உண்மைபோற் காட்டச் சிறிதும் பக்குவம் செய்யாமல், அப்படியே இலையிற் பரிமாறிய பொய். முழுப்பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தல் என்பர். மறைப்பவனின் துணிவும் பார்ப்பவரை மூடராக்கும் அவன் எண்ணமும் அதில் ஒருங்கே அடங்கியிருக்கின்றன. இதற்கு ஈடான மரபுத்தொடர் ஆங்கிலத்தில் நமக்குத் தென்படவில்லை. பகற்கொள்ளை என்பர். அப்பட்டமான என்பதும் நன்றே. கலப்பற்ற என்பது அதன் பொருள். மெய் என்பது மருந்துக்கும் கலவாத பொய்யை அப்பட்டமான பொய் என்றல் தகும். சட்டமீறலைக் கூசாத மீறல் என்று எழுதலாம். ஒலிக் குறிப்பும் வேண்டுமென்பார், தன்னைத்தானே பறைசாற்றும் அநீதி என்று எழுதுக. பறை என்றதும் முகஞ்சுளிப்போர் நம்மவருள் இன்னும் சிலர் உளர். முகஞ்சுளிப்பிற்காக ஒரு நல்ல தமிழ்ச்சொல்லை நாம் இழக்க வேண்டா.

இவற்றுள் எது எங்கே பொருந்தும் என்பதை அந்தந்த வாக்கியம் காட்டும். எல்லா இடத்துக்கும் ஒரே சொல்லைத் தேடுவதுதான் இந்தக் குழப்பத்தைத் தொடங்கி வைத்தது. நீதிமன்றச் செய்தியில் பச்சைப்பொய் என்று எழுதினால் தரக்குறைவாகுமே என்று ஆசிரியர் சிலர் அஞ்சுவர். ஆங்கில நாளிதழ்கள் ‘பிளேட்டண்ட்’ என்று எழுத அஞ்சவில்லை என்பதை மட்டும் அவர்களுக்குச் சொல்லி வைப்போம்.

ஸ்பென்சரின் காப்பியத்தை எவரேனும் தமிழாக்கப் புகுந்தால், அவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். இன்றைய அகராதியைப் பார்த்து ‘வெளிப்படை விலங்கு’ என்று எழுதிவிடாதீர்கள். 1596ஆம் ஆண்டின் பொருளில் அது குரைக்கும் விலங்கு, அல்லது ஜான்சன் சொற்படி கதறும் விலங்கு. ஆறாங் காண்டத்தின் இறுதியில் சங்கிலி அறுந்தபின் அது நாடெங்கும் திரிந்து, பெரியோர் சிறியோர் என்று பாராமல் கடிக்கிறது, புலவரையும் விடவில்லை, தம் எளிய பாட்டும் அதன் நஞ்சுக்குத் தப்பாது என்று ஸ்பென்சரே கடைசி வரிகளில் வருந்துகிறார். அந்த வருத்தத்தையும் ஒன்றும் குறையாமல் தமிழாக்குங்கள்.